கூச்சன் கூசாத மனிதர்

இந்தப் பிரபஞ்சம் முழுவதும் வெட்கத்தால் ஆனது என்பதுதான் மனித அறிவு எட்டிய ஆகப் பெரிய உண்மை. மலையானாலும் சரி, விண்மீனானாலும் சரி, மாடிப்படியானாலும் சரி, உடைத்துக்கொண்டே போய் அணுவையும் உடைத்தால் கடைசியில் மிஞ்சுவது ஒரு துகள். யாரும் பார்க்காதபோது அது சுழன்று ஒளிவிடும். பார்வை பட்டால் சுருண்டு இருண்டுவிடும். அறிஞர்கள் கூடி, மாதக்கணக்கில் வாதாடி, அதற்கு 'விலோசன விமுகத் துகள்' என்று பெயர் சூட்டினார்கள். வாயில் நுழையாததால் ஊர் அதைக் கூச்சன் என்றது.

கண்டுபிடித்தவர் தவம் கிடந்து கண்டுபிடித்ததாகப் பாடப்புத்தகம் சொல்லும். உண்மையில் அவர் மைத்துனரோடு சண்டை போட்டுவிட்டுச் சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தார். மைத்துனர் எதிர்ச் சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தார். நடுவில் மேஜைமேல் கிடந்த கண்ணாடிக் குண்டு ஒளிவிட்டது. இவர் திரும்பினார், அணைந்தது. மறுபடி முறைத்துக்கொண்டு திரும்பினார், எரிந்தது. சமாதானம் ஆகும்வரை ஆராய்ச்சி தடையில்லாமல் நடந்தது.

அதன் பிறகு உலகம் அந்தத் துகளுக்கு ஏற்றபடி மாறிக்கொண்டது. வீட்டு விளக்குகள் எல்லாம் கண்ணாடிக் குண்டுக்குள் கடுகளவு மணி வைத்தவை. மணியிலிருந்து வருகிற வெளிச்சத்தைப் பார்க்கலாம், படிக்கலாம், பேன் பார்க்கலாம். மணியை மட்டும் பார்க்கக் கூடாது. பார்வை போய்ச் சேர்வதற்குள் அணைந்துவிடும். ஆகவே விளக்கு எப்போதும் மனிதர்களின் முதுகுக்குப் பின்னால். விளக்குகளைத் துடைத்துப் பராமரிக்கிற வேலைக்குக் கண் தெரியாதவர்களைத்தான் எடுப்பார்கள். அவர்களிடம் கூச்சனுக்குக் கூச்சம் கிடையாது என்பது பாலபாடம்.

மனிதர்களின் முகத்திலும் கூச்சன் குடியிருக்கிறது, அதனால் யார் முகத்தையும் உற்றுப் பார்ப்பது அவர் ஒளியைத் திருடுவது என்று பெரியவர்கள் தீர்மானித்தார்கள். மரியாதை தெரிந்தவர்கள் பெரியவர் பேசும்போது திரும்பி நின்று முதுகு கொடுப்பார்கள். 'முதுகு கொடுத்துப் பேசினார், தங்கமான மனுஷன்' என்பது அங்கே பாராட்டு. 'மூஞ்சிக்கு நேரா பேசுறான்' என்றால் அவனுக்குப் பெண் கொடுக்க மாட்டார்கள். சட்டை, கோட் எதுவானாலும் முன்பக்கம் சாக்குத்துணி போல இருக்கும். பூவேலை, பதக்கம், ஜரிகை எல்லாம் முதுகில். பல பெரிய மனிதர்களை ஊர் முதுகை வைத்துத்தான் அடையாளம் வைத்திருந்தது. சிலருடைய முகத்தைச் சொந்தப் பிள்ளைகளே சரியாகப் பார்த்ததில்லை.

இப்படிப்பட்ட ஊரின் துகள் ஆய்வகத்தில் துணை இயக்குநர் ஒருவர் இருந்தார். நேரில் அவரைத் துணை இயக்குநர் என்றார்கள். அவர் அந்தப் பக்கம் போனதும் மாப்பிள்ளை என்றார்கள். இயக்குநரின் பெண்ணைக் கட்டியவர் என்பதைத் தவிர அவரைப் பற்றி நினைவில் வைத்துக்கொள்ள யாருக்கும் எதுவும் கிடைக்கவில்லை. நாமும் மாப்பிள்ளை என்றே வைத்துக்கொள்ளலாம்.

மாப்பிள்ளை புகழ் பெற்றது ஒரு கொட்டாவியால். ஆய்வகத்தில் ஆராய்ச்சி நடக்கிற முறை இதுதான்: மேஜைக் கோடியில் விளக்கு, அதற்கு முதுகைக் காட்டி வரிசையாக அறிஞர்கள், அவர்களுக்கு எதிரே வெள்ளைச் சுவர். சுவரில் விழும் வெளிச்சத்தைப் பார்த்துக் கூச்சனின் மனநிலையைக் குறித்துக்கொள்வார்கள். ஒரு நாள் மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு மாப்பிள்ளைக்குக் கொட்டாவி வந்தது. இயக்குநர் பக்கத்திலிருந்து பார்த்துவிடக் கூடாதே என்று பின்பக்கமாகத் திரும்பி வாயைப் பிளந்தார். எதிரே விளக்கு. பாதிக் கொட்டாவியில் உறைந்துபோனார்.

"மாமா, நான் விளக்கைப் பாத்துட்டேன்."

இயக்குநர் சுவரை விட்டுக் கண் எடுக்கவில்லை. "உளறாதீங்க மாப்பிள்ளை. வெளிச்சம் குறையவே இல்லையே."

"இப்பவும் பாத்துட்டுத்தான் இருக்கேன் மாமா."

"சாப்பாடு அதிகமாயிடுச்சா?"

மற்ற அறிஞர்கள் ஒவ்வொருவராகத் திரும்பிப் பார்த்தார்கள். அவர்கள் பார்த்தபோதெல்லாம் அணைந்தது. மாப்பிள்ளை பார்த்தபோது மட்டும் குத்துக்கல்லாக எரிந்தது. மாலைக்குள் கட்டடமே கூடிவிட்டது.

இதற்கு இரண்டு விளக்கங்கள் இருக்க முடியும். ஒன்று, மாப்பிள்ளைக்குக் கண் சரியில்லை. இரண்டு, மாப்பிள்ளையின் நெஞ்சம் அப்பழுக்கற்றது. அதனால் கூச்சன் அவரிடம் கூசவில்லை. முதல் விளக்கத்தை யாரும் வாய்விட்டுச் சொல்லவில்லை. இயக்குநரின் மாப்பிள்ளையிடம் போய் 'உங்களுக்குக் கண் தெரியுதா' என்று கேட்கிற ஆள் அந்த ஆய்வகத்தில் சம்பளம் வாங்கவில்லை. எனவே அறிவியல் இரண்டாவது விளக்கத்தை ஒருமனதாக ஏற்றுக்கொண்டது.

மாப்பிள்ளைக்கே சந்தேகம் வந்திருக்க வேண்டாமா என்றால், எப்படி வரும்? எரிகிற மணியை உலகத்தில் பார்வையுள்ள எவரும் பார்த்ததில்லை. அது எப்படி இருக்கும் என்று ஒப்பிட ஆள் இல்லை. அவருக்குத் தெரிந்ததெல்லாம் ஓரம் இல்லாத, லேசாக நடுங்குகிற ஒரு மஞ்சள் மூட்டம். அதுதான் துகளின் உண்மை வடிவம் என்று தலையணை மொத்தத்துக்குப் புத்தகம் எழுதினார். 'கூச்சன் மேக வடிவினன்' என்று அதற்குப் பெயர். பள்ளிக்கூடங்களில் பிள்ளைகள் பஞ்சை உருட்டி மஞ்சள் தடவிக் கூச்சன் செய்தார்கள்.

புத்தகத்தோடு நின்றிருந்தால் பஞ்சுக்குத்தான் நஷ்டம். ஆனால் இயக்குநர் எதையும் பாதியில் விடுகிறவர் இல்லை. தூய நெஞ்சத்தை விளக்கு காட்டிக் கொடுக்கிறது என்றால், விளக்கை வைத்து நெஞ்சத்தைச் சோதிக்கலாம் அல்லவா? 'நெஞ்சத் தேர்வு' பிறந்தது. ஆளை விளக்கின் எதிரே நிற்கவைப்பது. அணைந்தால் உள்ளே அழுக்கு. பதவியில் இருப்பவர்களுக்கு மட்டும் விலக்கு, ஏனென்றால் அவர்கள் நெஞ்சின் தூய்மை பதவியிலேயே தெரிகிறது. தேர்வில் தேறியவர்களும் உண்டு. டிராம் கம்பெனியில் இரண்டு ஓட்டுநர்கள் அமோகமாகத் தேறினார்கள். இருவரும் அந்த வாரமே பால் வண்டிமேல் டிராமை ஏற்றினார்கள். தூய நெஞ்சுக்காரர்களுக்கு உலக நினைப்பு குறைவு என்று ஊர் சமாதானம் சொல்லிக்கொண்டது.

மாப்பிள்ளையின் தங்கை சின்னப் பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லித் தரும் டீச்சர். பள்ளிக்கூடத்திலும் விளக்கு வைத்தார்கள். அவள் பார்த்த மாத்திரத்தில் அணைந்தது. இன்னாருடைய தங்கை என்பதால் மரியாதையாக மறுபடி வைத்தார்கள். மரியாதையாக மறுபடி அணைந்தது. வகுப்பைப் பிடுங்கிக்கொண்டு சாமான் அறைக்கு அனுப்பினார்கள். உடைந்த பெஞ்சுகளுக்கு நடுவில் சாக்பீஸ் பெட்டிகளை அடுக்குவது இப்போது அவள் வேலை. பிள்ளைகள் சாமான் அறையைத் தாண்டும்போது ஓடுவதாகக் கேள்வி.

ஒரு ஞாயிற்றுக்கிழமை அண்ணன் வீட்டுக்கு வந்தாள். நாற்காலி நுனியில் உட்கார்ந்தாள்.

"அண்ணா, நீதான் எனக்குப் பாத்துச் சொல்லணும். என் மனசுல என்ன அழுக்கு இருக்குன்னு எனக்கே தெரியல."

மாப்பிள்ளை கண்ணை மூடிக்கொண்டு தலையை ஆட்டினார். புத்தகம் வந்த பிறகு அவருக்கு அந்தப் பழக்கம் வந்திருந்தது.

"யோசிச்சு யோசிச்சுப் பாத்தேன்," என்றாள். "சின்ன வயசுல பக்கத்து வீட்டுப் பொண்ணோட ரப்பரை எடுத்து வச்சிக்கிட்டேன். வாசனை ரப்பர். அதுவா இருக்குமோ?"

"இருக்கலாம்."

"அப்படித்தான் நானும் நினைச்சேன். புதுசா ஒண்ணு வாங்கிக்கிட்டு அவ வீட்டைத் தேடிப் போய்க் கொடுத்துட்டு வந்தேன். அவளுக்கு ஞாபகமே இல்ல. என்னை ஒரு மாதிரி பாத்தா. அதுக்கப்புறமும் விளக்கு அணையுது அண்ணா."

"இன்னும் ஆழமாப் போ. பொறாமை கிறாமை எங்கேயாவது ஒட்டிட்டிருக்கும்."

தங்கை தயங்கினாள். "அண்ணிமேல கொஞ்சம் இருந்துச்சு. கல்யாணமான புதுசுல."

சமையலறையிலிருந்து மாப்பிள்ளையின் மனைவி குரல் கொடுத்தாள். "எனக்கும்தான் உன்மேல இருந்துச்சு. இப்ப அதுக்கு என்ன? வா, வந்து இந்த வெங்காயத்தை நறுக்கு."

மாப்பிள்ளை அதைக் காதில் வாங்கவில்லை. தினமும் காலையில் சுவரைப் பார்த்து உட்கார்ந்து, செய்த தப்புகளை ஒவ்வொன்றாக நினைத்து, ஒவ்வொன்றாக விட்டுவிடும்படி தங்கைக்கு யோசனை சொன்னார். அவள் அண்ணன் சொன்னதைத் தட்டாதவள். அடுத்த முறை வந்தபோது இளைத்திருந்தாள். நிறையத் தப்புகள் நினைவுக்கு வருவதாகவும், இவ்வளவு மோசமான ஆளாக இருந்துகொண்டு பிள்ளைகளுக்கு எப்படிப் பாடம் எடுத்தேன் என்று புரியவில்லை என்றும் சொன்னாள். நல்ல முன்னேற்றம் என்றார் மாப்பிள்ளை.

அந்த மாதக் கடைசியில் டிராம் நிறுத்தத்தில் ஒரு காரியம் நடந்தது. மாப்பிள்ளையும் மனைவியும் கடைவீதிக்குப் போய்த் திரும்பினார்கள். கூட்டத்தில் மனைவி கொஞ்சம் பின்தங்கினாள். மாப்பிள்ளை உரிமையோடு ஒரு பெண்மணியின் கையிலிருந்த பையை வாங்கிக்கொண்டு, "சீக்கிரம் வா, எப்பப் பாத்தாலும் ஆமை மாதிரி," என்று சொல்லிவிட்டு விறுவிறுவென்று நடந்தார். அந்தப் பெண்மணி கூச்சல் போட்டாள். நாலு பேர் துரத்தினார்கள். மனைவி ஓடிவந்து எல்லோருக்கும் பதில் சொல்லி, பையைத் திருப்பிக் கொடுத்து, புருஷனை ஓரமாக இழுத்துக்கொண்டு போனாள்.

"அந்தம்மாவுக்கு அறுபது வயசு இருக்கும்."

"முதுகு உன் முதுகு மாதிரியே இருந்துச்சு."

"அவங்க போட்டிருந்தது பச்சை. நான் போட்டிருக்கிறது என்ன கலர்?"

மாப்பிள்ளை கொஞ்சம் முன்னால் குனிந்தார்.

"குனியாம சொல்லுங்க."

மாப்பிள்ளை டிராம் வருகிறதா என்று அந்தப் பக்கம் திரும்பிப் பார்த்தார்.

அந்த ஊரில் மூக்குக்கண்ணாடி என்பது மானக்கேடான சாமான். பார்ப்பதே பாதிக் குற்றம் என்கிற இடத்தில், இன்னும் நன்றாகப் பார்ப்பதற்கு ஒரு கருவி வாங்கி மூக்கில் மாட்டிக்கொள்கிறவனை என்னவென்று சொல்வது? கண்ணாடி போட்டவன் வந்தால் ஜன்னலைச் சாத்துவார்கள். ஆகவே கண்ணாடிக் கடை என்று போர்டு போட்ட கடை எங்கும் கிடையாது. சந்துக்குள் 'குடை பழுது பார்க்கப்படும்' என்று போர்டு இருக்கும். மழையே இல்லாத நாளில் குடையோடு ஒருவர் அதற்குள் நுழைந்தால் மற்றவர்கள் பார்க்காத மாதிரி போய்விடுவார்கள்.

மனைவி நல்ல குடை ஒன்றைக் கையில் கொடுத்து அவரை அப்படி ஒரு சந்துக்குக் கூட்டிக்கொண்டு போனாள். குடைக்காரர் குடையை வாங்கி, விரித்துப் பார்த்து, "கம்பி எல்லாம் நல்லா இருக்கு. அப்ப உள்ள வாங்க," என்றார்.

உள்ளறையில் ஜன்னல் இல்லை. கோடியில் ஓர் அலமாரிமேல் விளக்கு எரிந்தது. குடைக்காரர் மாப்பிள்ளையின் மூக்கில் ஒரு கம்பிச் சட்டத்தை மாட்டி, சில்லுகளை மாற்றி மாற்றிப் போட்டார்.

"இது?"

"பரவாயில்ல."

"இது?"

மாப்பிள்ளை நிமிர்ந்தார். அலமாரிக்கு ஓரம் இருந்தது. சுவரில் தொங்கிய குடைகளுக்குக் கம்பிகள் இருந்தன. மனைவியின் காதோரத்தில் நாலைந்து நரைமுடிகள். அவை எப்போது வந்தன என்று தெரியவில்லை. அவள் அவரைக் கவலையோடு பார்த்துக்கொண்டிருந்தாள். இத்தனை நாளும் அப்படித்தான் பார்த்துக்கொண்டிருந்தாளா என்ன? அவர் மெல்லத் திரும்பி விளக்கைப் பார்த்தார்.

அறை இருண்டது.

"எல்லாரும் இப்படித்தான் சார்," என்று இருட்டில் குடைக்காரரின் குரல் வந்தது. "சரியான சில்லு கிடைச்சதும் முதல்ல விளக்கைத்தான் பாப்பாங்க. அப்படி அணைஞ்சாத்தான் பவர் கரெக்ட்டுன்னு நான் எடுத்துக்கிறது. கொஞ்சம் அந்தப் பக்கம் திரும்பிக்கங்க, வெளிச்சம் வரட்டும்."

மாப்பிள்ளை திரும்பவில்லை. சட்டத்தைக் கழற்றினார். அறை வெளிச்சமாயிற்று. அலமாரிமேல் அவருடைய மஞ்சள் மேகம் வந்து உட்கார்ந்துகொண்டது. மாட்டினார், இருண்டது. கழற்றினார், மேகம் வந்தது. குடைக்காரர், "விளையாட்டு போதும் சார், கெட்டுப்போயிடும்," என்றார்.

குடையை விரிக்காமலே வீட்டுக்கு நடந்தார்கள். கண்ணாடி ஒரு துணிப்பைக்குள் சுருட்டி உள்சட்டைப் பையில் இருந்தது. மாப்பிள்ளைக்கு முதலில் நினைவு வந்தது புத்தகம் இல்லை, பஞ்சு இல்லை, ஆய்வகம்கூட இல்லை. வாசனை ரப்பர்தான். அவள் அதைப் புதிதாக வாங்கிக்கொண்டு யாரோ ஒருத்தியின் வாசலில் போய் நின்றிருக்கிறாள். 'இருக்கலாம்' என்று அவர் கண்ணை மூடிக்கொண்டு சொல்லியிருக்கிறார். காது மடல்கள் சுட்டன. நடையில் எதிரே யார் வந்தாலும் தலை தானாகக் கவிழ்ந்தது.

கதவைச் சாத்திய பிறகு மனைவி சொன்னாள்.

"அப்பாகிட்டச் சொல்லிடுங்க."

"சொல்றேன்."

"எப்ப?"

"ஆய்வகத்துல எனக்குப் பாராட்டு விழா எடுக்கிறாங்களே, அது முடியட்டுமே."

"விழாவுலதான் மந்திரி ஆணை படிக்கப் போறார். அத்தனை பள்ளிக்கூடத்துக்கும் தேர்வு கட்டாயம்னு. அதுக்கப்புறம் சொல்லி என்ன ஆகப்போகுது? உங்க தங்கச்சி சாமான் ரூம்லயே கிழவியாயிடுவா."

மாப்பிள்ளை தலையைக் குனிந்துகொண்டார். "நீயே சொல்லேன். உங்க அப்பாதானே."

"நான் சொன்னா, புருஷன் பேரைக் கெடுக்கிறேன்னுவார். உங்க வாயால வந்தாத்தான் நம்புவார். அவர் நம்புற ஒரே ஆள் நீங்கதான். என் தலையெழுத்து."

அவர் முயற்சி செய்யவில்லை என்று சொல்ல முடியாது. மறுநாளே மாமனார் அறைக்குப் போனார். "மாமா, கண்ணு விஷயமா ஒண்ணு சொல்லணும்," என்று ஆரம்பித்தார்.

"ஆமா மாப்பிள்ளை, ஊர்க்கண்ணு மொத்தமும் உங்கமேலதான். நானே சொல்லணும்னு இருந்தேன். வெளியில அதிகமாப் போகாதீங்க," என்றார் இயக்குநர். அதற்கு மேல் அவரே பேசினார். மாப்பிள்ளை முதுகு கொடுத்துக் கேட்டுவிட்டு வந்தார். இன்னொரு நாள் போனபோது விழா மேடைக்கு என்ன நிறத்தில் திரை போடலாம் என்று அவருடைய கருத்தைக் கேட்டார்கள். தூரத்தில் மாட்டியிருந்த இரண்டு திரைகளில் இடதுபக்கத்தது நன்றாக இருக்கிறது என்றார். அது ஜன்னல்.

விழா நாள் வந்தது. மண்டபம் நிறைந்துவிட்டது. மேடைக்குப் பின்னால் ஒரு நீளமான அறை, விருந்தினர் இளைப்பாறுவதற்கு. மனைவி நடையிலேயே அவரைப் பிடித்து நிறுத்தினாள்.

"உங்க தங்கச்சி வந்திருக்கா. பின்வரிசையில உக்காந்திருக்கா. வந்ததுல இருந்து ஒரு ஆளை நிமிர்ந்து பாக்கல. பக்கத்துல உக்காரலாமான்னு என்கிட்டப் பர்மிஷன் கேக்குறா."

மாப்பிள்ளை சட்டைப் பையைத் தொட்டுப் பார்த்தார்.

"அப்பா உள்ளதான் இருப்பார். கண்ணாடியைப் போட்டுக்கிட்டுப் போங்க. அதைப் பாத்தாலே பாதி புரிஞ்சுடும்."

"அதனாலதான் போடல," என்றார் மாப்பிள்ளை. சொல்ல வாய் திறப்பதற்கு முன்பே தெரிந்துவிடுவதில் ஓர் அவமானம் இருந்தது. பெரிய அவமானத்துக்குத் தயாராகிப் போகிற மனிதருக்கு இந்தச் சின்ன அவமானம் தாங்கவில்லை.

உள்ளே போனார். அறையின் மறுகோடியில், ஜன்னல் அருகே, இயக்குநர் நின்றிருந்தார். அகலமான தோள்கள், தலையில் தொப்பி, முதுகு முழுவதும் ஜரிகை மினுங்கியது. மாப்பிள்ளை வருவதை உணர்ந்து ஏற்கனவே திரும்பி நின்று முதுகு கொடுத்திருந்தார். இன்றைக்கு அவ்வளவு மரியாதை. மாப்பிள்ளைக்கு அங்கேயே கண் கலங்கிவிட்டது. பெரியவரிடம் பேசுகிறவர்கள் நிற்கவேண்டிய முறைப்படி கதவருகிலேயே நின்றார்.

"மாமா, நடுவுல எதுவும் சொல்லாதீங்க. நிறுத்தினா மறுபடி ஆரம்பிக்க எனக்குத் தைரியம் வராது."

இயக்குநர் எதுவும் சொல்லவில்லை.

"எனக்குத் தூரத்துல இருக்கிறது தெரியாது மாமா. ரொம்ப நாளாவே தெரியல. விளக்கு என்னைப் பாத்துக் கூசாததுக்கு அதுதான் காரணம். நெஞ்சும் இல்ல, கிஞ்சும் இல்ல. நான் மணியைப் பாக்கவே இல்ல. மேகம்னு எழுதினேனே, அது என் கண்ணுல இருக்கிற கோளாறு. கடையில கண்ணாடி போட்டுப் பாத்தேன், உடனே அணைஞ்சிடுச்சு. எல்லாருக்கும் அணையிற மாதிரி."

பதில் இல்லை. கேட்டுக்கொண்டிருக்கிறார்.

"இது தெரிஞ்ச நாள்ல இருந்து தினமும் உங்ககிட்ட வரணும்னு நினைச்சேன், வரல. பேரு போயிடும்னு பயம். அதைவிட, கண்ணாடிக்காரன்னு சொல்லிடுவாங்களேன்னு பயம். அந்தப் பொண்ணு, என் தங்கச்சி, இல்லாத அழுக்கைத் தேடித் தேடி பாதியாப் போயிட்டா. ரப்பர் வாங்கிட்டுப் போய்த் திருப்பிக் கொடுத்தா மாமா. நான் நல்ல முன்னேற்றம்னு சொன்னேன்." இந்த இடத்தில் குரல் உடைந்துவிட்டது. மூக்கைத் துடைத்துக்கொண்டு தொடர்ந்தார். "மந்திரியை ஆணை படிக்க விடாதீங்க. மேடையில நீங்களே சொல்லிடுங்க. என்னைத் திட்டிச் சொல்லுங்க, பரவாயில்ல. எனக்குச் சொல்ல வாய் வராது. என்னை மன்னிச்சிடுங்க."

அந்த முதுகு அசையவில்லை. ஒரு வார்த்தை குறுக்கே பேசாமல், ஒரு பெருமூச்சுகூட விடாமல், கடைசி வரை கேட்ட அந்த மௌனத்தை மாப்பிள்ளை வாழ்நாளில் எவரிடமும் பெற்றதில்லை. அதற்கு மேல் நிற்பது மரியாதை இல்லை என்று பின்னோக்கி நடந்து வெளியே வந்தார். உடம்பு லேசாகிவிட்டது. தோளிலிருந்து அலமாரியை இறக்கி வைத்தது போல இருந்தது.

"சொல்லிட்டேன்," என்றார் மனைவியிடம்.

"முழுசாவா?"

"ரப்பர் வரைக்கும்."

"அப்பா என்ன சொன்னார்?"

"ஒண்ணும் சொல்லல. முதுகு கொடுத்தே கேட்டார், கடைசி வரைக்கும்."

மனைவி புருவத்தைச் சுருக்கினாள். "எங்கப்பாவா? அவர் யாரையும் ஒரு வரி முழுசாப் பேச விட்டதில்லையே."

"மனுஷன் மனசு யாருக்குத் தெரியும்? நீ போய்த் தங்கச்சிகிட்டச் சொல்லு. இன்னைக்கு அவளுக்கு நல்ல சேதி இருக்குன்னு சொல்லு."

அவள் போனாள். பின்வரிசையில் ஒரு தலை நிமிர்ந்ததை மாப்பிள்ளை பார்க்கவில்லை, பார்த்திருந்தாலும் தெரிந்திருக்காது.

மேடையில் அவரை நடு நாற்காலியில் உட்காரவைத்தார்கள். மந்திரி ஒரு பக்கம். இன்னொரு நாற்காலி காலி. இனி வரப்போவதற்கு மாப்பிள்ளை அமைதியாகக் காத்திருந்தார். திட்டட்டும், காறித் துப்பட்டும். இவ்வளவு நிம்மதியாக அவர் எந்த மேடையிலும் உட்கார்ந்ததில்லை. அப்போது மேடைக்குப் பின்பக்கம் சலசலப்பு. கையில் ஒரு மூட்டையைத் தூக்கிக்கொண்டு, மூச்சு வாங்க, இயக்குநர் பின்னறைப் பக்கமிருந்து ஓடிவந்து மேடை ஏறினார்.

"மன்னிக்கணும், எல்லாரும் மன்னிக்கணும்," என்றார். "வழியில டிராம் பால் வண்டிமேல மோதிடுச்சு. பாதி தூரம் நடந்தே வரேன். இப்பத்தான் உள்ள காலடி வைக்கிறேன். பின்னறைக்குப் போய்க் கையோட இதை எடுத்துட்டு வந்தேன்."

மூட்டையைப் பிரித்தார். ஜரிகை மினுங்கியது. மேலே ஒரு தொப்பி.

"நம்ம மாப்பிள்ளைக்குன்னே ஆய்வகம் தைச்சது. மடிப்பு விழக் கூடாதுன்னு காலையில இருந்தே பின்னறையில மாட்டி வச்சிருந்தோம்."

கோட்டை விரித்து மாப்பிள்ளையின் தோளில் போட்டார். இப்போது கைக்கெட்டும் தூரத்தில் இருந்ததால் மாப்பிள்ளைக்கு ஜரிகையின் ஒவ்வொரு இழையும் தெளிவாகத் தெரிந்தது. இயக்குநர் காதருகே குனிந்து, "என்ன மாப்பிள்ளை, கண்ணெல்லாம் சிவந்திருக்கு? ஏதாவது சொல்லணுமா?" என்றார்.

மண்டபம் முழுவதும் காத்திருந்தது. மந்திரி ஆணையைச் சுருள் பிரித்தார். சொல்வதற்கு அதைவிட வசதியான ஒரு நேரத்தை யாரும் யாருக்கும் ஏற்பாடு செய்து தர முடியாது. மாப்பிள்ளை உள்ளே துழாவிப் பார்த்தார். இருந்த தைரியம் அவ்வளவையும் பின்னறையில் ஒரு காசு மிச்சம் வைக்காமல் கொட்டிவிட்டு வந்திருந்தார்.

"ஒண்ணுமில்ல மாமா. சந்தோஷத்துல."

மண்டபத்தின் பார்வை படாதபடி ஓர் அட்டையால் மறைத்து, விளக்கை அவர் எதிரே கொண்டுவந்து வைத்தார்கள். மாப்பிள்ளை பார்த்தார். மேகம் எரிந்தது. மந்திரி ஆணையைப் படித்தார். மண்டபத்தில் எல்லோரும் எழுந்து திரும்பி அவருக்கு முதுகு கொடுத்தார்கள். பின்வரிசையில் தங்கையும், நல்ல சேதி இன்னும் வரும் என்று நினைத்துக்கொண்டு, எல்லோரையும்விட நேராகத் திரும்பி நின்றாள். மங்கலான அத்தனை முதுகுகளுக்கு நடுவில் ஒரே ஒரு வெளிறிய வட்டம் மட்டும் திரும்பாமல் அவரையே நேருக்கு நேர் பார்த்துக்கொண்டிருந்தது. அது மனைவியாக இருக்கக் கூடாது என்று மாப்பிள்ளை நினைத்துக்கொண்டார். கண்ணாடி சட்டைப் பையில்தான் இருந்தது, எடுத்துப் பார்க்கவில்லை.

அவர் அழுது மன்னிப்புக் கேட்டது கோட் மாட்டும் கட்டையிடம். அதில் மாட்டியிருந்ததும் அவருடைய கோட்தான்.